தூது போன தோழன்

இடைவேளை: வாசகர் கேள்வி, என் பதில்

போன இதழில் ஒரு பழைய ஊமைப்படத்தைப் பற்றி நாலே வரி எழுதியிருந்தேன். ‘தி மேங்ஸ்மேன்’, 1929, இயக்குநர் ஹிட்ச்காக்கின் கடைசி ஊமைப்படம், கடலோர ஊரில் இரண்டு சிநேகிதர்களும் ஒரு பெண்ணும், பேத்தியோடு உட்கார்ந்து பார்த்தேன், பேத்தி தூங்கிவிட்டாள், எனக்குத்தான் அன்றிரவு தூக்கம் போனது என்று. அதற்கு வந்த மின்னஞ்சல்களை ஆசிரியர் அச்செடுத்து, பேரங்காடிப் பை ஒன்றில் போட்டுக் கொடுத்தனுப்பிவிட்டார். புதுப்படக் கேள்விகள் அனுப்பியவர்கள் கோபித்துக்கொள்ளாதீர்கள். உங்கள் நாயகர்கள் அடுத்த இதழ்வரை காத்திருப்பார்கள், அவர்களுக்கு வயதே ஆவதில்லை.

கேள்வி: அம்மா, நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு நானும் மகளும் படத்தைத் தேடிப் பார்த்தோம். துரோகம் செய்தது கேட் என்கிறாள் மகள், வயது 19. பிலிப்தான் என்கிறேன் நான். மூன்று நாளாகச் சாப்பாட்டு மேசையில் இதே சண்டை. தீர்ப்பு நீங்கள்தான் சொல்ல வேண்டும்.
– ஈசூன் வாசகி

பதில்: தீர்ப்புச் சொல்கிற நாற்காலியில் நான் உட்கார்ந்ததில்லை. அதற்குக் கீழே, கூண்டுக்குப் பக்கத்தில், 27 வருடம் நின்றிருக்கிறேன். கோர்ட்டில் தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேலை. ஆகையால் சாட்சியம் வேண்டுமானால் சொல்கிறேன், வாங்கிக்கொள்ளுங்கள்.

பார்க்காதவர்களுக்காகக் கதை. பீட் மீனவன், கையில் காசில்லை. பிலிப் வக்கீல், பெரிய பதவிக்குக் காத்திருக்கும் குடும்பத்துப் பிள்ளை. இருவரும் சின்ன வயதிலிருந்தே ஒரு தட்டில் சாப்பிட்ட மாதிரி. கேட், ஊர் மதுக்கடைக்காரரின் மகள். பீட்டுக்கு அவள்மேல் ஆசை. ஆனால் அவள் அப்பாவிடம் பெண் கேட்க வாய் வரவில்லை. ‘நீ படித்தவன், நீ போய்ப் பேசு’ என்று பிலிப்பை அனுப்புகிறான். பிலிப்புக்கும் அவள்மேல் மனசு உண்டு, இருந்தும் போகிறான். காசில்லாதவனுக்குப் பெண் கிடையாது என்று அப்பா விரட்டுகிறார். சம்பாதித்து வருகிறேன் என்று பீட் ஆப்பிரிக்காவுக்குக் கப்பலேறுகிறான். போகும்போது பிலிப்பிடம், ‘கேட்டைப் பார்த்துக்கொள்’. பிலிப் பார்த்துக்கொண்டான். பீட் செத்துப்போனதாகச் சேதி வருகிறது. ஒரு பழைய மாவு மில்லில் இருவரும் ஒன்றாகிறார்கள். பிறகு தந்தி: பீட் உயிரோடு, பணத்தோடு, வந்துகொண்டிருக்கிறான். ‘அவனுக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்று’ என்று கேட்டைத் தள்ளிவிடுவது பிலிப்தான். கல்யாணம் நடக்கிறது. குழந்தையும் பிறக்கிறது, பிலிப்பின் குழந்தை. பீட் தன்னுடையதென்று பூரித்துப்போகிறான்.

எல்லோரும் அந்த மில் காட்சியைப் பேசுவார்கள். நான் இரண்டு தடவை நிறுத்திப் பார்த்தது ஜன்னல் காட்சியை. புறப்படுமுன் கேட்டிடம் ஒரு வார்த்தை வாங்க பீட்டுக்கு அவசரம். அவள் ஜன்னல் உயரத்தில். பிலிப்பின் தோள்மேல் ஏறி நிற்கிறான். மேலே பீட் எட்டிப் பிடித்துக்கொண்டு ‘எனக்காகக் காத்திருப்பாயா’ என்று கெஞ்ச, கேட் கொஞ்சம் சிரித்து, கொஞ்சம் இழுத்தடித்து, சரி என்கிறாள். கீழே பிலிப், நண்பனின் கனம் முழுவதையும் தாங்கிக்கொண்டு. மேலே என்ன பேசினார்கள் என்று அவன் முகத்தைப் பார்த்தே நமக்குத் தெரிகிறது. தூது போனவனைத் தூக்கிச் சுமக்கவும் வைத்தால் எப்படி இருக்கும்? அப்படி இருக்கிறது அந்த முகம்.

எங்கள் தொழிலில் முதல் நாளே சொல்லிக்கொடுப்பார்கள்: கூட்டாதே, குறைக்காதே, உன்னுடையதைக் கலக்காதே. அதற்கும் முன்னால் ஒன்று: வருகிற ஆள் உனக்கு வேண்டப்பட்டவர் என்றால் வாயைத் திறக்குமுன் எழுந்து சொல்லிவிடு. எனக்கு ஒருமுறை நேர்ந்தது. கூண்டில் ஏறியவர் எங்கள் புளோக்கில் ஆறாம் மாடிக்காரர். அவர் மனைவி வருஷா வருஷம் தீபாவளிக்கு முறுக்குக் கொடுத்தனுப்புவார். எழுந்து சொன்னேன். பத்தே நிமிடத்தில் வேறொருவர் வந்து என் இடத்தில் நின்றார். யாரும் என்னைத் தப்பாக நினைக்கவில்லை, முறுக்கும் நிற்கவில்லை.

பிலிப்புக்கு அந்தப் பத்து நிமிடம் எத்தனை தடவை கிடைத்தது! பெண் கேட்டுப் போகுமுன் சொல்லியிருக்கலாம். தந்தி வந்தபோது சொல்லியிருக்கலாம். கப்பல் வந்து பீட் கட்டிப்பிடித்தபோது சொல்லியிருக்கலாம். ஒவ்வொரு தடவையும் தன் ஆசையை விழுங்கிவிட்டு நண்பனுக்காகப் பேசினான். பார்ப்பவர்களுக்குத் தியாகம் மாதிரித் தெரியும். எனக்கு அது, பதவிக்குக் குந்தகம் வரும் என்று கணக்குப் போட்டவன் தியாகச் சட்டை போட்டுக்கொண்டது மாதிரித்தான் தெரிகிறது.

உங்கள் மகளுக்கும் ஒரு பங்கு சரி கொடுங்கள். பீட் தொட்டிலைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தபோது கேட்டும் பேசாமல்தான் இருந்தாள். ஆனால் கடைசியில் முதலில் வாயைத் திறந்தது அவள். பீட்டிடம் நேராகச் சொன்னாள், அவன் நம்பவில்லை. பீட்? பாவம் பீட் என்று எல்லோரும் எழுதியிருக்கிறீர்கள். பாவம்தான். ஆனால் தன் வாழ்க்கையின் முக்கியமான பேச்சை இன்னொருவன் வாயில் கொடுத்தவன் அவனே.

கேள்வி: ‘மேங்ஸ்மேன்’ என்றால் என்ன? படத்தில் வரும் ‘டீம்ஸ்டர்’ பதவி நிஜமா, கற்பனையா?
– பொங்கோல் வாசகர்

பதில்: ஐல் ஆஃப் மேன் தீவுக்காரன் என்று பொருள். இங்கிலாந்துக்கும் அயர்லாந்துக்கும் நடுவே கடலில் இருக்கிறது. 572 சதுர கிலோமீட்டர், நம் சிங்கப்பூரைவிடச் சிறியது. 2021 கணக்கெடுப்பில் சுமார் 84,000 பேர். உங்கள் பொங்கோலிலேயே அதைவிட ஆள் அதிகம். டீம்ஸ்டர் அங்கே நீதிபதிக்குப் பெயர், இன்றும் உண்டு. ஹால் கெயின் 1894இல் எழுதிய நாவல் இது. ஆனால் படத்தில் நாம் பார்க்கிற பாறையும் படகுத்துறையும் அந்தத் தீவே இல்லை, இங்கிலாந்தின் கார்ன்வால் கரையில் இருக்கும் பொல்பெரோ என்ற மீனவ ஊர்.

கேள்வி: ஊமைப்படம் பார்க்கும்போது தூங்காமல் இருக்க என்ன வழி?
– ஜூரோங் வாசகர்

பதில்: கைப்பேசியை அடுத்த அறையில் வையுங்கள். அப்படியும் தூக்கம் வந்தால் கேட்டின் டயரியைக் கவனியுங்கள். பீட் ஊரில் இல்லாத காலத்தில் அவள் எழுதும் பக்கங்களை ஒவ்வொன்றாகக் காட்டுவார்கள். முதலில் ‘மிஸ்டர் கிறிஸ்டியன்’ வந்தார், பிலிப்பின் குடும்பப் பெயர் அது. அப்புறம் ‘பிலிப்’. அப்புறம் ‘பில்’. அவ்வளவுதான், காதல் முடிந்தது. பாட்டு இல்லை, சுவிட்சர்லாந்து இல்லை. கண்ணை இமைத்தால் போய்விடும்.

கேள்வி: கேட் இருட்டில் படகுத்துறையிலிருந்து தண்ணீரில் குதிக்கிறாள். அடுத்த நொடி ஒரு பேனா மைக்கூட்டில் முங்குகிறது. நான் பார்த்த பிரதியில் நடுவில் ஏதோ வெட்டுப்பட்டுவிட்டதா?
– தெம்பனிஸ் வாசகர்

பதில்: வெட்டுப்படவில்லை ஐயா. படத்தின் உயிரே அந்த இடம்தான். திரை முழுக்கக் கறுப்புத் தண்ணீர். அந்தக் கறுப்பு அப்படியே இருக்க, தண்ணீர் மையாகிவிடுகிறது. பேனா அதில் தோய்கிறது. கேமரா விலகியதும் யார் பேனா என்று தெரிகிறது: பிலிப். அன்றுதான் டீம்ஸ்டராக முதல் நாள், நாற்காலியில் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டுக்கொண்டிருக்கிறான். அவனுக்கு முன் கொண்டுவந்து நிறுத்தப்படுவது கேட். தற்கொலைக்கு முயன்றது குற்றம்.

இதை எடுத்த ஹிட்ச்காக்கே பிற்காலத்தில், தன் கடைசி ஊமைப்படம் என்பதைத் தவிர இதில் சொல்ல ஒன்றுமில்லை என்று ஒதுக்கிவிட்டார். சிலருக்குத் தாங்கள் பெற்ற பிள்ளையின் அருமை தெரியாது.

அந்தக் குற்றம் எனக்கு அந்நியமில்லை. நம் தண்டனைச் சட்டத்தில் 309ஆம் பிரிவு. ஓராண்டுவரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். 2020 ஜனவரி 1ஆம் தேதிதான் சிங்கப்பூரில் அது குற்றமில்லை என்றானது. அதற்கு முன்பும் வழக்காகி வருவது குறைவு. ஆனால் வந்ததுண்டு.

ஒரு காலை நேரம். கூண்டில் ஒரு பெண், முப்பது வயதுகூட இராது. மணிக்கட்டில் ஆஸ்பத்திரிப் பட்டையை இன்னும் யாரும் வெட்டி எடுத்திருக்கவில்லை. குற்றச்சாட்டைத் தமிழில் சொன்னேன். புரிகிறதா என்று கேட்கச் சொன்னார் மாஜிஸ்திரேட். கேட்டேன். அவள் மாஜிஸ்திரேட்டைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்து, “அக்கா, நான் என்ன சொல்லணும்?” என்றாள்.

என்னிடம்தான் கேட்டாள். ஆனால் கூண்டிலிருந்து வரும் எந்தச் சொல்லும் எனக்குச் சொந்தமில்லை. பதில் சொல்லவும் கூடாது, கேட்காத மாதிரி இருக்கவும் கூடாது. அப்படியே ஆங்கிலத்தில் சொன்னேன், ‘அக்கா’வையும் சேர்த்து. மாஜிஸ்திரேட் எழுதிக்கொண்டிருந்த பேனாவை மூடி வைத்தார். கொஞ்ச நேரம் ஏர்கான் சத்தம் மட்டும்தான். அன்றே அவளை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

‘அக்கா’வுக்கு நான் போட்ட சொல் ‘சிஸ்டர்’. வேறென்ன போடுவது? வெளியே வந்ததும் ஒரு போலீஸ்காரர் ஓடிவந்து, “மேடம், அந்தப் பெண் உங்கள் கூடப்பிறந்தவரா?” என்று கேட்டார். இல்லை என்றேன். சாயங்காலம் பஸ்ஸில் உட்கார்ந்துகொண்டு, ஏன் அத்தனை அவசரமாக இல்லை என்றேன் என்று யோசித்துக்கொண்டே வந்தவள் இறங்கும் இடத்தைத் தாண்டிப் போய்விட்டேன்.

படத்திலும் கேட் அப்படித்தான் நிற்கிறாள். பீட் ஓடிவந்து, என் மனைவியை என்னோடு அனுப்புங்கள் என்று மன்றாடுகிறான். பிலிப்பும் சரி, கூட்டிப்போ என்கிறான். அப்பாடா, முடிந்தது என்ற நிம்மதியோடு! நாற்காலியில் உட்கார்ந்து கடைசித் தடவையாகக் கேட்டைத் தள்ளிவிடப் பார்க்கிறான். போகமாட்டேன் என்கிறாள் அவள். கூட்டத்திலிருந்த அவள் அப்பாவுக்கு அப்போதுதான் விளங்குகிறது. வேறு வழியில்லாமல் பிலிப் நீதிபதி விக்கைக் கழற்றுகிறான். நான் ஆறாம் மாடிக்காரருக்காக எழுந்ததை அவன் ஒரு படம் முழுக்கத் தள்ளிப்போட்டு அங்கே எழுந்தான்.

(இதைப் படிக்கும் யாருக்காவது மனசு அந்தப் படகுத்துறைப் பக்கம் போனால் சிங்கப்பூரில் 1767 என்ற உதவி எண்ணுக்குக் கூப்பிடுங்கள். இராப்பகலாக ஆள் இருப்பார்கள்.)

கேள்வி: கேட்டாக நடித்த ஆனி ஓண்ட்ராவின் கண்களை மறக்க முடியவில்லை. பிறகு ஏன் ஆங்கிலப் படங்களில் காணவில்லை?
– பிடோக் வாசகர்

பதில்: பேச்சு வந்துவிட்டது, அதுதான் காரணம். ஓண்ட்ரா செக் நாட்டுப் படங்களில் பெயர் வாங்கியவர், ஆங்கிலம் அந்தச் சாயலில்தான் வரும். ஊமைப்படத்தில் மதுக்கடைக்காரர் மகளாக அவரை யாரும் சந்தேகிக்கவில்லை. அதே 1929இல் ஹிட்ச்காக் அடுத்து எடுத்த ‘பிளாக்மெயில்’ பேசும்படமாக மாறியபோது, லண்டன் கடைக்காரர் மகள் செக் சாயலில் பேசினால் எப்படி? பின்னால் குரல் சேர்க்கும் வசதி அன்று இல்லை. அதனால் ஜோன் பாரி என்ற நடிகை கேமராவுக்குத் தெரியாமல் ஓரமாக மைக் முன் நின்று வசனம் பேச, ஓண்ட்ரா வாயை மட்டும் அசைத்தார்.

எனக்கு ஓண்ட்ராவைவிட ஜோன் பாரிமேல்தான் பாசம். முகம் தெரியாமல் நின்று அடுத்தவள் வாய்க்குச் சொல் கொடுத்த பெண். எங்கள் சங்கத்துக்குக் குலதெய்வம் வைப்பதென்றால் அவரைத்தான் வைக்க வேண்டும். ஓண்ட்ராவைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். ஜெர்மனியில் தொடர்ந்து நடித்தார், 1933இல் குத்துச்சண்டை வீரர் மாக்ஸ் ஷ்மெலிங்கைக் கட்டிக்கொண்டு, 1987இல் இறக்கும்வரை அவரோடே வாழ்ந்தார். இதில் ஒரு வேடிக்கை, பீட்டாக நடித்த டென்மார்க்காரர் கார்ல் பிரிஸனும் முன்னாள் குத்துச்சண்டைக்காரர்தான்.

கேள்வி: கடற்கரை, பிரிவு, காத்திருப்பு... இது நம் நெய்தல் திணைக் கதைதானே அம்மா?
– ஒரு தமிழாசிரியர், உட்லண்ட்ஸ்

பதில்: மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்துப் பழகியவர் நீங்கள், எனக்குத் தேர்வு வைக்கிறீர்கள். நெய்தலுக்கு இரங்கல் என்றால், இங்கே இரங்க வேண்டியவள் இரங்கவே இல்லையே. பீட் போன கொஞ்ச நாளிலேயே டயரியில் பெயர் மாறிவிட்டது. போனவன் திரும்பி வருகிறான் என்றதும்தான் அழுகை. நெய்தல் தலைகீழாக நிற்கிறது.

ஆனால் ஒன்று அப்படியே பொருந்துகிறது: அலர், அதாவது ஊர் வாயில் விழும் பேச்சு. கடைசிக் காட்சியில் பிலிப்பும் கேட்டும் குழந்தையை வாங்கிக்கொள்ள பீட் வீட்டுக்கு வருகிறார்கள். வாசலிலும் ஜன்னலிலும் ஊர் கூடி நிற்கிறது. மீன்காரர்களும் அவர்கள் பெண்டுகளும் வாயை அசைக்கிறார்கள், நமக்கு ஒரு சொல்கூடக் கேட்கவில்லை. கேட்கவும் தேவையில்லை. தேக்காவில் பிறந்து வளர்ந்த எனக்கு அந்த வாய்கள் ஒவ்வொன்றும் என்ன சொல்லும் என்று மனப்பாடம்.

இன்னொன்றையும் பாருங்கள் ஆசிரியரே. கேட்டும் பிலிப்பும் ஒன்றான அதே மாவு மில்லில்தான் அவளுக்கும் பீட்டுக்கும் கல்யாண விருந்து. கேட்டின் அப்பா எழுந்து, கடவுளின் ஆலை மெதுவாகத்தான் அரைக்கும் என்று வேதம் பேசுகிறார், பக்கத்திலேயே கல். மருமகனைப் பார்த்துச் சொல்கிறார். வேர்ப்பது பிலிப்புக்கு.

கேள்வி: தமிழில் இப்படி ஊமைப்படங்கள் வந்தனவா? சிங்கப்பூரில்?
– அங் மோ கியோ வாசகர்

பதில்: சென்னையில் நடராஜ முதலியார் எடுத்த ‘கீசக வதம்’தான் தென்னாட்டின் முதல் கதைப்படம், ஊமைப்படம். பிரதி ஒன்றுகூட மிஞ்சவில்லை. 1931இல் ‘காளிதாஸ்’ வந்து தமிழ் பேச ஆரம்பித்துவிட்டது. அதற்கு முன் அங்கே கொட்டகைகளில் எழுத்து அட்டை வரும்போது உரக்கப் படித்துக் கதை சொல்ல ஒருவர் நிற்பார். எங்கள் இனத்து ஆள்.

நம் ஊரில் எடுத்த முதல் கதைப்படம் சீனர்களுடையது, ‘சின் கே’. புதிதாக வந்த குடியேறி என்று அர்த்தம். 1927இல் விக்டோரியா அரங்கில் காட்டினார்கள். அதுவும் ஊமைப்படம், அதுவும் இன்று இல்லை. பீச் ரோட்டில் 1907இல் திறந்த அல்ஹம்ப்ரா கொட்டகை அன்று கடலோரத்தில் இருந்தது. பேருக்கேற்ற தெரு! இப்போது அங்கே நின்று கடலைத் தேடினால் பஸ்தான் வரும்.

கேள்வி: அம்மா, என் நண்பன் பெர்த்தில் வேலை பார்க்கிறான். அவன் விரும்பும் பெண் இங்கே. ‘என்மேல் கோபமாக இருக்கிறாள், நீ பேசிச் சமாதானப்படுத்து’ என்று என்னிடம் சொன்னான். ஆறு மாதமாகப் பேசிக்கொண்டிருக்கிறேன். இப்போதெல்லாம் அவள் அவனைப் பற்றிப் பேசுவதில்லை. நானும் பேசுவதில்லை. உங்கள் நாலு வரியைப் பார்த்துத்தான் அந்தப் படத்தைப் போட்டேன். தந்தி வரும் இடத்தில் நிறுத்திவிட்டேன்.
– பெயரும் ஊரும் போடாதீர்கள்

பதில்: போடவில்லை தம்பி. மீதிப் படத்தைப் பார்க்க வேண்டாம், மேலே சொல்லிவிட்டேன்.

முதலில் அந்தப் பெண்ணிடம் கேள், அவள் மனசில் என்ன இருக்கிறதென்று. நீயாக ஊகிக்காதே, தனக்கு அப்படி ஒன்றும் இல்லையென்றுகூட அவள் சிரிக்கலாம். அவள் என்ன சொன்னாலும் சரி, அன்றைக்கே நண்பனைக் கூப்பிடு. பெர்த்துக்கும் நமக்கும் ஒரே மணிதான், ராத்திரி எட்டரைக்குச் சாப்பிட்டு முடித்திருப்பான். வாட்ஸ்அப்பில் எழுதாதே, எழுதினால் நீட்டி மழுப்புவாய். “இனிமேல் உனக்காக அவளிடம் நான் பேச முடியாதுடா, எனக்கே அவள்மேல் விருப்பம் வந்துவிட்டது” என்று சொல். அதற்குமேல் ஒரு வார்த்தை கூட்டாதே. அவளுக்கும் உன்மேல் விருப்பம் என்றோ இல்லை என்றோ நீ சொல்லாதே, அது அவள் சொல்ல வேண்டியது.

அவன் திட்டுவான். குறுக்கே பேசாமல் கேட்டுக்கொள். என்ன சொன்னான் என்று எனக்கு எழுது, பிரசுரிக்க மாட்டேன்.